படம் எந்த ஊரில் ஓடியது?

பாலாவிச் சந்தியில் பஸ்ஸை விட்டு இறங்கும் ஆவணப்படக்காரருக்கு அதிகம் அலையத் தேவையில்லை. கொழும்பிலிருந்து புத்தளம் போகும் பெருவீதியின் ஓரத்திலேயே உப்பளங்கள் கிடக்கின்றன. சற்றுத் தள்ளிச் சீமெந்து ஆலை. அதற்கு அறுவாக்காட்டிலிருந்து சுண்ணக்கல் கொண்டுவரும் தண்டவாளம். சந்தியில் இடப்பக்கம் கற்பிட்டி வீதியில் திரும்பினால் நுரைச்சோலை அனல்மின் நிலையத்தின் புகைபோக்கி தெரியும். 2011இல் முதல் பிரிவும் 2014இல் மற்ற இரண்டும் இயங்கத் தொடங்கி, 900 மெகாவாட் திறன் கொண்டதாக நிற்கிறது அது. அந்த வீதியின் இரு பக்கமும், 1990இல் வடக்கிலிருந்து துரத்தப்பட்ட முஸ்லிம்களின் குடியிருப்புகள். இடப்பெயர்வு, காணி, கூலி, காற்று, தண்ணீர், இன உறவு என்று மானியம் கேட்கும் விண்ணப்பங்களில் எழுதப்படுகிற எல்லாமே ஒரு முச்சக்கர வண்டிப் பயணத் தூரத்துக்குள் இருக்கின்றன.

அதனால் கமெராக்கள் வந்தன. இன்னும் வருகின்றன. அவை எடுத்த படங்கள் மட்டும் இந்தப் பக்கம் வருவதில்லை. சமூகப் பிரச்சினைகளைப் படமாக்குவதையே வாழ்நாள் தொழிலாகக் கொண்டவர்களைப் பற்றி யோசிக்கும்போதெல்லாம் இந்த ஊர்க்காரனாகிய எனக்கு முதலில் எழும் கேள்வி, அவர்கள் எத்தனை படம் எடுத்தார்கள் என்பதல்ல. எடுத்த படம் எந்த ஊரில் ஓடியது என்பதுதான்.

1990 ஒக்டோபரின் கடைசி நாட்களில் விடுதலைப் புலிகள் வட மாகாண முஸ்லிம்கள் அனைவரையும் வெளியேறச் சொன்னார்கள். ஒக்டோபர் 30ஆம் திகதி யாழ்ப்பாண முஸ்லிம்களுக்குக் கிடைத்தது இரண்டு மணி நேரம். மன்னார்ப் பக்கத்தவர்கள் பலர் வள்ளங்களில் கற்பிட்டிக் கரைக்கு வந்து சேர்ந்தார்கள். வெளியேற்றப்பட்டவர்கள் எழுபதாயிரத்துக்கு மேல். அவர்களில் பெரும்பகுதியினர் புத்தளம் மாவட்டத்தில்தான் தங்கினார்கள். பள்ளிக்கூடம், பள்ளிவாசல், தென்னந்தோட்டம் என்று கிடைத்த இடத்தில் கிடுகுக் கொட்டில் போட்டார்கள். தற்காலிகம் என்று தொடங்கிய முகாம்களில் ஒரு தலைமுறை பிறந்து, படித்து, கல்யாணமும் முடித்துவிட்டது.

அந்த முகாம்களுக்கு முதலில் வந்தவை படிவங்கள். பிறகு ஒளிப்படக் கமெரா, பிறகு வீடியோ. 2002 போர்நிறுத்தத்துக்குப் பின்னும் 2004 சுனாமிக்குப் பின்னும் நாட்டுக்குள் வந்த நிவாரணப் பணத்தோடு ‘ஆவணப்படம்’ என்ற தொழிலும் பெருகியது. என்.ஜி.ஓ.க்களுக்கு அறிக்கையோடு சேர்த்து அனுப்ப இருபது நிமிடப் படம் வேண்டியிருந்தது. அதன் அமைப்பு எல்லோருக்கும் தெரியும்: தொடக்கத்தில் களப்பு, பிறகு ஒரு கண்ணீர், பிறகு திட்டத்தின் பெயர்ப்பலகை, கடைசியில் கிணற்றடியில் சிரிக்கும் பிள்ளைகள். இந்த வேலையைச் செய்தவர்களை நான் குறை சொல்லமாட்டேன். அதில் கிடைத்த சம்பளத்தில்தான் பல இளைஞர்கள் கமெரா வாங்கினார்கள், எடிட்டிங் படித்தார்கள், தங்கள் சொந்தப் படத்துக்கு வழி தேடினார்கள். இலங்கையில் ஆவணப்படத்தை மட்டும் நம்பி அடுப்பெரிக்க முடியாது. விளம்பரம், கல்யாண வீடியோ, நிறுவனப் படம் என்று ஒரு கை உழைத்தால்தான் மறு கை தன் விருப்பத்துக்கு எடுக்கலாம்.

ஒருமுறை அப்படியொரு குழுவுக்கு வழிகாட்டியாகக் கற்பிட்டி வீதியோரத்து வீடொன்றுக்குப் போயிருந்தேன். அங்கே ஐம்பது வயது தாண்டிய ஓர் உம்மா. ஊரைவிட்டு வந்த கதையைச் சொல்லச் சொன்னதும் அவர் இயக்குநரைப் பார்த்து, “எது மகன் வேணும், சின்னக் கதையா பெரிய கதையா?” என்று கேட்டார். கிண்டல் எதுவும் இல்லை. கடைக்காரர் அளவு கேட்பது போலத்தான் கேட்டார். சின்னக் கதை, ஒலிபெருக்கியில் அறிவித்தல் வந்ததில் தொடங்கிச் சோதனைச் சாவடியில் காதுத் தோட்டைக் கழற்றிக் கொடுத்ததில் முடியும். பத்து நிமிடம். பெரிய கதை அதற்குப் பிறகுதான் ஆரம்பம்: பங்கீட்டு அட்டை, தண்ணீர்க் குழாயடியில் உள்ளூர்க்காரர்களோடு வந்த சண்டை, அதே உள்ளூர்க் குடும்பமொன்றில் மகளைக் கட்டிக்கொடுத்தது, யுத்தம் முடிந்து ஊருக்குப் போய் வளவைப் பார்த்தது, “எனக்கு அங்கே யாரைத் தெரியும்?” என்று மகன் கேட்டது.

குழுவுக்கு நேரமில்லை. சின்னக் கதையைக் கேட்டார்கள். நடுவில் வீதியில் ஒரு லொறி இரைந்துகொண்டு போனது. ஒலிப்பதிவாளர் கை காட்டினார். “லொறி போயிட்டா?” என்று கேட்டுவிட்டு, விட்ட இடத்திலிருந்து, அதே சொற்களில், அதே இடத்தில் முந்தானையைக் கண்ணுக்குக் கொண்டுபோய் உம்மா மீண்டும் சொன்னார். அது பொய் அல்ல. எத்தனையோ பேருக்குச் சொல்லிச் சொல்லி வழவழப்பாகிவிட்ட உண்மை. சாமான்களைக் கட்டும்போது படத்தை எங்கே காட்டுவீர்கள் என்று விசாரித்தார். வெளிநாட்டில் என்றார்கள். “அங்கயா மகன் எங்களைத் துரத்தினது?” என்றார் உம்மா.

ஆவணப்படம் பற்றிய பல நூல்களைவிட அந்தக் கேள்வி எனக்கு அதிகம் கற்றுத் தந்திருக்கிறது.

*

இலங்கையில் ஆவணப்படம் பிறந்ததே வேறொருவர் பார்ப்பதற்காகத்தான். பாசில் ரைட் 1934இல் எடுத்த ‘சோங் ஒஃப் சிலோன்’ உலக ஆவணப்பட வரலாற்றில் இன்றும் பாடமாக வைக்கப்படுகிறது. ஜோன் கிரியர்சன் தயாரித்தார்; பணம் கொடுத்தது இலங்கைத் தேயிலைப் பிரசார சபை. பின்னணியில் ஒலிப்பது லயனல் வென்ட்டின் குரல். அவர் வாசிப்பது பதினேழாம் நூற்றாண்டில் இங்கே சிறைப்பட்டிருந்த ரொபர்ட் நொக்ஸ் எழுதியதை. படத்தின் அழகில் எனக்குச் சந்தேகமில்லை. ஆனால் அது பேசிய திசை லண்டன். 1948இல் அரசாங்கத் திரைப்படப் பிரிவு தொடங்கியபோது பார்வையாளர் மாறினார். குடிமக்களுக்கு அரசு சொல்ல விரும்பியது படமானது. லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ் அங்கேதான் 1954இல் உலர் வலயத்து மலேரியா ஒழிப்பைப் பற்றி ஒரு படம் எடுத்தார். அடுத்த ஆண்டே வெளியேறி ‘ரேகாவ’ எடுக்கப் போனார். தேயிலைச் சபை, அரசு, என்.ஜி.ஓ. என்று காசு கொடுப்பவர் மாறிவந்திருக்கிறார். படத்தில் முகம் காட்டியவருக்கு அந்த வரிசையில் இடமே கிடைக்கவில்லை.

அவருக்கும் காட்டுவது மரியாதைக்காக மட்டுமல்ல. படம் சரியாக இருப்பதற்கே அது வேண்டும். எங்கள் உப்பளத்தை எடுத்துக்கொள்வோம். உப்புக் குவியலுக்குப் பின்னால் சூரியன் இறங்கும் காட்சி இல்லாமல் புத்தளத்தைப் பற்றிய படம் முடிவதில்லை. ஆனால் உப்பளத்தில் அழகு என்பது வேலையின் கடைசி நாள் மட்டுமே. களப்புத் தண்ணீரை ஒரு பாத்தியிலிருந்து இன்னொரு பாத்திக்கு மாற்றி மாற்றி வெயிலில் இறுகவிட வேண்டும். முதலில் ஜிப்சம் அடியில் தங்கும். தண்ணீர் இன்னும் இறுகிய பிறகுதான் உப்பு பூக்கும். அதை வார முன்னரே மிஞ்சிய கசப்பு நீரை வடிக்க வேண்டும். பிந்தினால் உப்பு கைக்கும். இத்தனையும் ஆகி நிற்கும் நேரத்தில் பருவம் தப்பிய ஒரு மழை வந்தால் போட்ட உழைப்பெல்லாம் தண்ணீராகிவிடும். வேலை செய்பவருக்கு வெடித்த குதிகால், வெள்ளையில் பட்டுத் தெறிக்கும் வெளிச்சத்தில் கூசிக் கூசிக் கெட்ட கண்.

இந்தப் படத்தை ஒரு விழாவில் போட்டால் ஒளிப்பதிவைப் பாராட்டுவார்கள். பாலாவியில் போட்டால் முன்வரிசையில் இருக்கும் தொழிலாளி, மழையைக் காணவில்லையே என்பார். மழை பெய்த வாரத்துக்குக் கூலி உண்டா, இல்லையா என்பதைப் படம் சொல்லவில்லையே என்பார். அவர் அந்தக் கதிரையில் வந்து உட்காரப்போகிறார் என்று முதல் நாளே தெரிந்த இயக்குநர், கமெராவை வேறு இடத்தில்தான் வைப்பார். சூரியன் இறங்கும் வரை காத்திருக்காமல் மழைக்காகக் காத்திருப்பார். யார் பார்ப்பார்கள் என்ற நினைப்பு, எடுத்து முடித்தபின் வரும் விநியோகப் பிரச்சினை அல்ல. எங்கே நின்று எடுப்பது என்பதையே அது தீர்மானிக்கிறது.

*

இதை நன்கு உணர்ந்தவர்களில் ஒருவர் ஆனந்த் பட்வர்த்தன். அவருடைய ‘பம்பாய் நமது நகரம்’ 1985இல் வந்தது. குடிசைகளை இடித்துத் தள்ளிய இடத்தில் ஒரு பெண் கமெராவின் பக்கம் திரும்பி வெடிக்கிறார். ஏழைகளைப் படம் பிடித்துப் பெயர் வாங்கத்தானே வந்தீர்கள், வேறு என்ன செய்துவிடப்போகிறீர்கள் என்பதுதான் அவருடைய பேச்சின் சாரம். வேறொருவராக இருந்தால் வெட்டி எறிந்திருப்பார். பட்வர்த்தன் அதைப் படத்திலேயே வைத்தார். அந்தக் குற்றச்சாட்டுக்கு அவரிடம் அப்போது பதில் இல்லை. இல்லை என்பதை மறைக்கவுமில்லை.

பதில் அவருடைய பின்னாள் வாழ்க்கையில் இருக்கிறது. அந்தப் படத்தில் பாடிய தலித் பாடகர் விலாஸ் கோக்ரே. 1997 ஜூலை 11ஆம் திகதி மும்பை ரமாபாய் நகரில், அம்பேத்கர் சிலை அவமதிக்கப்பட்டதை எதிர்த்துத் திரண்ட மக்கள்மீது பொலிஸ் சுட்டதில் பத்துப் பேர் இறந்தார்கள். சில நாட்களில் கோக்ரே தன் உயிரை மாய்த்துக்கொண்டார். பட்வர்த்தன் கமெராவோடு திரும்பிப் போனார். ‘ஜெய் பீம் கொம்ரேட்’ 2011இல்தான் முடிந்தது, பதினான்கு ஆண்டுகள். முடிந்த படம் அந்த நகரத்தின் குடியிருப்புகளில், தெருவில் திரை கட்டி, படத்தில் இருந்தவர்களின் நடுவே ஓடியது. ‘போரும் அமைதியும்’ படத்தில் 21 இடங்களை வெட்டச் சொன்னபோது நீதிமன்றம் போய், 2003இல் ஒரு வெட்டும் இல்லாமல் வெளியிட்டார். ‘ராமரின் பெயரால்’ படத்தைத் தூர்தர்ஷனில் காட்ட வைக்கவும் வழக்குத்தான் போட வேண்டியிருந்தது. அவருடைய தொழில்வாழ்வைக் கணக்கிட்டால் படப்பிடிப்பில் போன நாட்களைவிட, படத்தை மக்கள் முன் கொண்டுபோய் நிறுத்தப் போன நாட்கள்தான் அதிகம் இருக்கும்.

தமிழ்நாட்டிலும் இந்த வழியில் நடந்தவர்கள் உண்டு. 1999 ஜூலை 23ஆம் திகதி, மாஞ்சோலைத் தோட்டத் தொழிலாளருக்காகத் திருநெல்வேலியில் சென்ற ஊர்வலத்தைப் பொலிஸ் அடித்து விரட்டியதில் 17 பேர் தாமிரபரணியில் பிணமானார்கள். ஆர்.ஆர். சீனிவாசன் அதை ‘நதியின் மரணம்’ என்ற படமாக்கினார். ஆர்.பி. அமுதன் 2003இல் எடுத்த ‘பீ’, மதுரைத் தெருவொன்றில் மலம் அள்ளும் ஒரு பெண்ணின் வேலையைக் கண்ணெடுக்காமல் பார்க்கிறது. விளக்கவுரை இல்லை, நிபுணர் இல்லை. பார்ப்பவர் முகத்தைத் திருப்பினால் அது அவருடைய பிரச்சினை. அமுதன் படம் எடுத்ததோடு நிற்கவில்லை. 1998 முதல் மதுரையில் ஆவணப்பட, குறும்பட விழாவை நடத்திவருகிறார். கல்லூரி வகுப்பறை, தொழிற்சங்க அலுவலகம், கிராமத்துச் சாவடி என்று ஒரு திரையும் புரொஜெக்டரும் வைக்க முடிந்த எதையும் தியேட்டராக்கினார்கள் அந்த வட்டத்து நண்பர்கள். படம் முடிந்ததும் விளக்கைப் போட்டுப் பேச்சைத் தொடங்குவார்கள். அந்தப் பேச்சும் படத்தில் சேர்ந்தது.

*

மக்களிடம் கொண்டுபோனால் மக்கள் மாலை போடுவார்கள் என்று நினைப்பது வெகுளித்தனம். திவ்யபாரதியின் ‘கக்கூஸ்’ 2017 பெப்ரவரியில் வந்தது. மலம் அள்ளுவதைத் தடைசெய்யும் சட்டம் 2013இலேயே வந்தும் தமிழ்நாடெங்கும் அந்த வேலை தொடர்வதை ஊர் ஊராகப் போய்ப் பதிவுசெய்த படம். பல ஊர்களில் பொலிஸ் திரையிட விடவில்லை. படம் யூடியூப்புக்குப் போனது. 2009இல் மாணவியாக இருந்தபோது கலந்துகொண்ட ஒரு போராட்டத்தின் பேரில் அதே ஆண்டு ஜூலையில் அவரைக் கைதுசெய்தார்கள். அரசின் கோபம் எதிர்பார்த்ததுதான். எதிர்பாராதது, தங்கள் சாதியை இந்தத் தொழிலோடு சேர்த்துக் காட்டிவிட்டார் என்று சினந்தவர்களிடமிருந்து இரவு பகலாக வந்த தொலைபேசி மிரட்டல்கள். யாருக்காகப் பேசுகிறோம் என்று இயக்குநர் நினைக்கிறாரோ அவர்களிலேயே ஒரு பகுதியினர், எங்களை ஏன் காட்டினாய் என்று கேட்கலாம். அந்தக் கேள்வியின் ஆபாசமான வடிவத்தைத் தள்ளிவிடலாம். கேள்வியையே தள்ளிவிட முடியாது.

நம் நாட்டில் இதன் இன்னொரு முகத்தை ஜூட் ரட்ணம் கண்டார். 1983 ஜூலையில் சிறுவனாகக் கொழும்பிலிருந்து ரயிலேறி வடக்கே தப்பியவர். பத்தாண்டுக் காலம் எடுத்துச் செய்த ‘டீமன்ஸ் இன் பாரடைஸ்’ 2017இல் கான் திரைப்பட விழாவில் திரையிடப்பட்டது. இனக்கலவரத்தில் தொடங்கும் படம், தமிழர் தமிழரைக் கொன்ற கதைக்குள் இறங்குகிறது. கனடாவிலிருந்து வரும் மாமா, தன்னை ஒளித்து வைத்துக் காத்த சிங்களவர்களைத் தேடிப் போகிறார். வெவ்வேறு இயக்கங்களில் இருந்தவர்கள் கூடியிருந்து, வெளியே சொல்லாததைப் பேசுகிறார்கள். 2018இல் யாழ்ப்பாணச் சர்வதேசத் திரைப்பட விழாவில் காட்டுவதாக இருந்து, எதிர்ப்புக் கிளம்பியதால் நிறுத்தப்பட்டது. கானில் ஓட முடிந்த தமிழ்ப் படம் யாழ்ப்பாணத்தில் ஓட முடியவில்லை.

படத்தின் அரசியலோடு உடன்படாதவர்களின் வாதங்களில் எனக்கும் ஏற்புடையவை உண்டு. அரசின் கொடுமையைவிட இயக்கத்தின் கொடுமையை அதிகம் பேசுகிறது, அதனால் யாருக்கு லாபம் என்று கேட்டார்கள். கேட்க வேண்டிய கேள்விதான். படத்தைப் பார்த்துவிட்டு, இயக்குநரை எதிரே இருத்தி, யாழ்ப்பாணத்து மண்டபமொன்றில் கேட்டிருக்க வேண்டிய கேள்வி. பிரான்சில் ஒருவர் அந்தப் படத்தைப் பார்த்து வருத்தப்படுவதில் எவருக்கும் நட்டமில்லை. யாழ்ப்பாணத்தில் பார்த்தால்தான் அதற்கு ஒரு விலை உண்டு, அதனால் மதிப்பும் உண்டு.

இங்கேதான் பாலாவி உம்மாவின் கேள்வி எனக்கு முழுதாக விளங்குகிறது. வெளியேற்றத்தைப் பற்றிய படத்தை ஜெனீவாவில் காட்டுவதால் ஓர் அறிக்கை நிறைவுபெறும். பாலாவியில் காட்டினால் சின்னக் கதைக்குப் பதிலாகப் பெரிய கதையைச் சொல்ல வேண்டிய கட்டாயம் வரும். கூட்டத்தில் உள்ளூர்ப் புத்தளத்தவர்களும் இருப்பார்கள், எங்கள் கிணறும் எங்கள் பள்ளிக்கூட இடமும் உங்கள் படத்தில் எங்கே என்று கேட்பார்கள். இரண்டு தரப்பும் ஏழைகள். இரண்டு தரப்புக்கும் நியாயம் உண்டு. ஆனால் அந்தப் படம் போய்ச் சேர வேண்டிய கடைசி ஊர் யாழ்ப்பாணமும் மன்னாரும்தான். பக்கத்து வீட்டுக்காரர் இரண்டு மணி நேரத்தில் வெளியேறியதைப் பார்த்துக்கொண்டு நின்றவர்கள், பார்க்க முடியாமல் உள்ளே போனவர்கள், தடுக்கப் பயந்தவர்கள் அங்கேதான் இருக்கிறார்கள். 2002 ஏப்ரலில் கிளிநொச்சிப் பத்திரிகையாளர் மாநாட்டில் புலிகள் தரப்பு வருத்தம் தெரிவித்துக் கடந்துபோனது. சாதாரணத் தமிழ்ச் சனம் அதைப் பற்றித் தங்களுக்குள் பேசிக்கொள்ள ஒரு மண்டபமும் ஒரு படமும் இன்னும் தேவைப்படுகின்றன.

*

இப்போது எல்லோர் கையிலும் கமெரா இருக்கிறது, ஆவணப்படக்காரர் எதற்கு என்று கேட்பவர்கள் உண்டு. 2017 ஏப்ரல் 14ஆம் திகதி கொழும்பு மீத்தொட்டமுல்லையில் குப்பை மலை சரிந்து 32 பேர் மாண்ட பிறகு, தலைநகரின் குப்பை அறுவாக்காட்டுக்கு வரப்போகிறது என்றானது. 2018இலும் 2019இலும் புத்தளத்தில் நடந்த மறியலையும் பேரணியையும் ஊர்ப் பிள்ளைகளே போனில் எடுத்தார்கள். முஸ்லிம்கள், சிங்களவர், தமிழர் மூவரும் ஒரு கொட்டகையில் உட்கார்ந்திருந்தது அவற்றில் இருக்கிறது. அன்று அவை வேண்டிய வேலையைச் செய்தன. இன்று தேடினால் துண்டு துண்டாகத்தான் கிடைக்கின்றன; கணக்கு முடங்கியது, போன் உடைந்தது என்று பாதி போய்விட்டது. துண்டுகளைச் சேகரிப்பது, தேதி போடுவது, அந்தக் கொட்டகையிலிருந்தவர்களை ஆண்டுகள் கழித்துத் திரும்பச் சந்தித்து இப்போது என்ன நினைக்கிறீர்கள் என்று கேட்பது, எல்லாவற்றையும் ஒரு வரிசையில் வைத்து ஓர் அபிப்பிராயத்தோடு நிற்பது ஆகியவை போனால் ஆகாது. அதற்கு ஒருவர் தன் வாழ்நாளில் ஒரு பங்கைக் கொடுக்க வேண்டும்.

கமெரா இல்லாமலே அப்படிக் கொடுத்தவர் ஒருவர் எங்களிடையே இருந்தார். எருக்கலம்பிட்டியைச் சேர்ந்த பேராசிரியர் எஸ்.எச். ஹஸ்புல்லா, வெளியேற்றப்பட்டவர்களைப் பற்றிய ஆய்வை 2018இல் காலமாகும்வரை விடவில்லை. யாரிடம் தகவல் வாங்கினாரோ அவர்களோடேயே திரும்பத் திரும்ப உட்கார்ந்தார். அவர்கள் பிழை சொன்னால் திருத்தினார். ஆவணப்படக்காரர்கள் படிக்க வேண்டிய முறை அது.

வெட்டி ஒதுக்கிய காட்சிகளைப் பற்றியும் ஒரு வார்த்தை. இருபது நிமிடப் படத்துக்காக எடுத்த மணிக்கணக்கான பேச்சு எங்கே? தொண்ணூறுகளின் முகாம்கள், அங்கே இறந்துபோன முதியவர்களின் குரல், கிடுகு வேய்ந்த பள்ளிக்கூடம் எல்லாம் பழைய வீடியோ கசட்டுகளில் எங்கோ அலுமாரிகளில் பூஞ்சணம் பிடிக்கின்றன; அவற்றைப் போட்டுப் பார்க்கும் இயந்திரங்களும் அருகிவருகின்றன. நாங்கள் கேட்டிருந்தால் பெரிய கதை அந்த மிச்சத்தில்தான் இருந்திருக்கும். 2005இல் தொடங்கிய நூலகம் நிறுவனம் ஈழத்து நூல்களையும் பத்திரிகைகளையும் எண்ணிமமாக்கி எல்லோருக்கும் திறந்து வைத்திருப்பதைப் பார்க்கும்போது, படச்சுருளுக்கும் கசட்டுக்கும் அதைச் செய்ய முடியாது என்று சொல்ல எவருக்கும் வாய் வராது.

ஆகவே இந்தப் பக்கம் வரவிருக்கும் இளைய ஆவணப்படக்காரர்களுக்கு ஊர் சார்பில் என் கோரிக்கை காசு சம்பந்தப்பட்டது. வரவுசெலவுத் திட்டத்தில் கமெரா வாடகை, வாகனம், சாப்பாடு, மொழிபெயர்ப்பு, விழாக் கட்டணம் எல்லாவற்றுக்கும் ஒவ்வொரு வரி எழுதுகிறீர்கள். பாலாவியில் ஓர் இரவு திரையிட மண்டபம், புரொஜெக்டர், தேநீர். யாழ்ப்பாணத்தில் ஓர் இரவு அதே செலவு. எடுத்த முழுக் காட்சிகளின் பிரதியொன்று ஊர் நூலகத்துக்கு. இந்த மூன்று வரிகளையும் சேருங்கள். மொத்தத்தில் அது உங்கள் விமான டிக்கெட்டைவிடக் குறைவு. அந்த வரிகள் இல்லாத திட்டத்தோடு வருகிறவரிடம், இந்த முறை கதை இல்லை என்று சொல்லும் உரிமை எங்கள் உம்மாமாருக்கு உண்டு. அதை அவர்கள் பாவிக்கத் தொடங்க வேண்டும் என்றே நான் விரும்புகிறேன்.